எக்லிப்ஸ் மெமரி அனலைசர்: டம்ப் கையில் இருந்தால் இதற்கு நிகரில்லை, அதைக் கைக்குக் கொண்டுவருவதுதான் பாடு

ஜாவா சர்வரில் 'அவுட் ஆஃப் மெமரி' வந்ததும் எக்ஸ்எம்எக்ஸ் எண்ணை (ஹீப், அதாவது ஜாவா பொருள்கள் இருக்கும் நினைவகப் பகுதி, எவ்வளவு வளரலாம் என்ற வரம்பு) இரட்டிப்பாக்கிவிட்டு ரீஸ்டார்ட் செய்வதுதான் பல இடங்களில் வைத்தியம். லீக் (தேவை முடிந்தும் விடுபடாத நினைவகம்) இருந்தால் இதனால் கிடைப்பது சில நாள் தவணை மட்டுமே. நினைவகத்தை யார் பிடித்துவைத்திருக்கிறார்கள் என்று பெயரோடு காட்டும் கருவிகளில், இலவசமாகக் கிடைப்பவற்றுள் எக்லிப்ஸ் மெமரி அனலைசரே (மேட் என்பது வழக்குப் பெயர்) முதல் இடம். எஸ்ஏபி நிறுவனத்தில் பிறந்து, 2008-ல் எக்லிப்ஸ் திட்டமாக மாறியது. இன்றும் புதிய பதிப்புகள் வருகின்றன. அண்மைப் பதிப்புகளை ஓட்ட ஜாவா 17 அல்லது அதற்குப் பிந்தையது வேண்டும். உங்கள் சர்வர் ஜாவா 8-ல் ஓடினாலும் கவலையில்லை, அதன் டம்பையும் (ஹீப்பில் இருப்பதை அப்படியே எழுதிவைத்த கோப்பு) இது படிக்கும். எக்லிப்ஸ் ஐடிஇ தேவையில்லை. தனிப் பொதியாக இறக்கி, விரித்து, அப்படியே ஓட்டலாம்.

ஆனால் இந்த மதிப்புரை, கன்சோலில் ஓடும் நிரலுக்கானது அல்ல. சிஸ்டம்டி (லினக்ஸில் சர்வீஸ்களை நிர்வகிப்பது) வழியாகவோ விண்டோஸ் சர்வீஸாகவோ பின்னணியில் ஓடும் டாம்கேட் போன்ற ஜாவா வெப் சர்வர்களை வைத்துப் பேசுகிறது. அங்கே மேட்டின் திறமையை விட, அதற்குத் தீனி போடும் ஹீப் டம்ப் கிடைக்குமா என்பதே முதல் கேள்வி.

எந்தப் பிழைக்கு இது, எதற்கு இல்லை

லாகில் 'அவுட்ஆஃப்மெமரிஎரர்' என்ற சொல்லுக்குப் பின்னால் முக்காற்புள்ளியும் சில சொற்களும் வரும். நோயின் பெயர் அங்கேதான் இருக்கிறது. 'ஜாவா ஹீப் ஸ்பேஸ்' என்றால் மேட் நேரடியாக உதவும். 'ஜிசி ஓவர்ஹெட் லிமிட் எக்ஸீடட்' என்றாலும் அதே. பேரலல் ஜிசி (ஜாவாவின் குப்பை அள்ளிகளில் ஒன்று) மொத்த நேரத்தில் 98 சதவீதத்துக்கு மேல் குப்பை அள்ளியும் 2 சதவீத ஹீப்புக்குக் குறைவாகவே மீட்டபோது அந்தச் செய்தி வரும். ஹீப் நிரம்பிவிட்டது என்பதையே வேறு வாயால் சொல்கிறது. 'மெட்டாஸ்பேஸ்' (கிளாஸ் விவரங்கள் இருக்கும் இடம்) என்றால் பெரும்பாலும் கிளாஸ்லோடர் லீக், அதாவது கிளாஸ்களை ஏற்றிய பழைய பொருள் விடுபடாமல் நிற்பது. அதையும் மேட் நன்றாகவே காட்டும்.

'அனேபிள் டு க்ரியேட் நேட்டிவ் த்ரெட்' வந்தால் மேட்டைத் திறக்காதீர்கள். ஹீப்பில் பாதி காலியாக இருக்கும்போதும் இது வரும். ஒரு த்ரெட் (நிரலுக்குள் தனியாக ஓடும் வேலைச்சரம்) உருவாக்க இயங்குதளம் மறுத்துவிட்டது என்பதே பொருள். சிஸ்டம்டியில் டாஸ்க்ஸ்மேக்ஸ் என்ற வரம்பு ஒவ்வொரு சர்வீஸுக்கும் தானாகவே போடப்படுகிறது. வழக்கமான இயல்புநிலை கெர்னலின் பிஐடி (ப்ராசஸ் எண்) உச்சவரம்பில் 15 சதவீதம், அது 32768 ஆக இருந்தால் 4915. ஒவ்வொரு ஜாவா த்ரெட்டும் ஒரு டாஸ்க்காக எண்ணப்படும். சிஸ்டம்சிடிஎல் ஸ்டேட்டஸ் கொடுத்தால் 'டாஸ்க்ஸ்' வரியில் இப்போதைய எண்ணும் வரம்பும் பக்கத்துப் பக்கத்தில் நிற்கும். இரண்டும் நெருங்கியிருந்தால் விடை கிடைத்துவிட்டது. அதற்குமேல் த்ரெட் டம்ப் எடுத்து, எந்தப் பெயரில் த்ரெட்கள் குவிந்திருக்கின்றன என்று பார்க்க வேண்டும். ஒவ்வொரு கோரிக்கைக்கும் புதிய எக்ஸிக்யூட்டர் (த்ரெட்களை வைத்து வேலை வாங்கும் பொருள்) உருவாக்கி, அதை ஷட்டவுன் செய்யாமல் விடும் நிரலே வழக்கமான குற்றவாளி.

'டைரக்ட் பஃபர் மெமரி' இடைப்பட்டது. நினைவகம் ஹீப்புக்கு வெளியே இருக்கிறது. ஆனால் அதைப் பிடித்துவைத்திருக்கும் டைரக்ட்பைட்பஃபர் என்ற சிறிய பொருள் ஹீப்புக்குள் இருக்கிறது. மேட்டில் அதன் ரீடெயின்டு அளவு (அது போனால் ஹீப்பில் விடுபடும் இடம்) சில பைட்டுகள்தான் காட்டும், அதை நம்பி ஏமாறக்கூடாது. 'கெப்பாசிட்டி' புலத்தைப் பார்க்க வேண்டும்.

கடைசியாக, லாகில் எந்தப் பிழையுமே இல்லாமல் சர்வர் மறைந்துபோவது. ஜர்னல்சிடிஎல்லில் (சிஸ்டம்டியின் லாகைக் காட்டும் கட்டளை) 'கோட்=கில்டு, ஸ்டேட்டஸ்=9/கில்' என்றோ, ரிசல்ட் 'ஓஓஎம்-கில்' என்றோ இருந்தால் கொன்றது பெரும்பாலும் லினக்ஸ் கெர்னல். ஜாவா நிரலை ஓட்டும் ஜேவிஎம்முக்குச் சொல்ல நேரமே கிடைக்கவில்லை, ஆகவே டம்பும் இருக்காது. ஜர்னல்சிடிஎல்லை '-கே' சேர்த்து ஓட்டினால் கெர்னலின் வாக்குமூலம் கிடைக்கும். கன்டெய்னர் என்றால் வெளியேறும் எண் 137.

டம்ப் கிடைக்கச் செய்ய வேண்டியவை

ஜேவிஎம்முக்கு ஹீப்டம்ப்ஆன்அவுட்ஆஃப்மெமரிஎரர் என்ற விருப்பத்தைக் கொடுத்தால், ஹீப் நிரம்பி முதல் பிழை எழும்போது அது தானாகவே டம்ப் எழுதும். முதல் முறை மட்டும். அதே ப்ராசஸில் இரண்டாம் முறை எழுதாது. நேட்டிவ் த்ரெட் பிழைக்கு இது வேலை செய்யாது, டைரக்ட் பஃபர் பிழைக்கும் இதை நம்ப முடியாது.

கையேடுகள் இவ்வளவோடு நிறுத்திக்கொள்கின்றன. சர்வீஸில் தடுக்கி விழும் இடங்கள் இதற்குப் பிறகுதான் வரும். ஹீப்டம்ப்பாத் கொடுக்காவிட்டால் டம்ப், ப்ராசஸின் நடப்பு ஃபோல்டரில் விழும். சிஸ்டம்டி யூனிட்டில் ப்ரொடெக்ட்சிஸ்டம் 'ஸ்ட்ரிக்ட்' என்றிருந்தால் அந்த ஃபோல்டர் படிக்க மட்டுமே. டெபியன் 10, 11-ல் டாம்கேட் 9 பொதி இப்படித்தான் வந்தது. லாக் ஃபோல்டர், வெப்ஆப்ஸ் போன்ற ஒருசில இடங்களில் மட்டுமே எழுத விடும். விளைவு: பிழை வரும், டம்ப் எழுத முயன்று தோற்றதாக ஒரு வரி ஜர்னலில் கிடக்கும், கோப்பு இருக்காது. சிஸ்டம்சிடிஎல் எடிட் மூலம் ரீட்ரைட்பாத்ஸ் வரியில் டம்புக்கென ஒரு ஃபோல்டரைச் சேர்த்து, அதன் உரிமையை டாம்கேட் பயனருக்குக் கொடுங்கள். அந்த டிஸ்க்கில் எக்ஸ்எம்எக்ஸ் அளவுக்குச் சற்று அதிகமாகவே இடம் வேண்டும். லாக் இருக்கும் பார்டிஷனையே டம்புக்கும் கொடுப்பது அவ்வளவு நல்லதல்ல. 8 ஜிபி டம்ப் விழுந்து டிஸ்க் நிரம்பினால் லாகும் நின்றுவிடும்.

டெம்ப் ஃபோல்டரைக் காட்டுவது இன்னொரு பொறி. ப்ரைவேட்டெம்ப் இயக்கத்தில் இருந்தால் சர்வீஸுக்குத் தெரியும் டெம்ப் வேறு, உங்களுக்குத் தெரியும் டெம்ப் வேறு. 'சிஸ்டம்டி-ப்ரைவேட்' என்று தொடங்கும் நீண்ட பெயருள்ள ஃபோல்டருக்குள் டம்ப் ஒளிந்திருக்கும், சர்வீஸ் நின்றதும் அந்த ஃபோல்டரே அழிக்கப்படும். ரீஸ்டார்ட் தானாக நடக்கும் சர்வரில், காலையில் வந்து தேடினால் ஒன்றும் மிஞ்சியிருக்காது.

பெயரிலும் சிக்கல் உண்டு. கோப்பின் பெயரில் ப்ராசஸ் எண் இருக்கும். கன்டெய்னருக்குள் ஜாவாவின் எண் பெரும்பாலும் 1. நிலையான வால்யூமில் பழைய டம்ப் கிடந்தால், புதியது 'ஃபைல் எக்ஸிஸ்ட்ஸ்' என்று தோற்கும், பழையதன் மேல் எழுதாது. எடுத்த டம்பை உடனே வேறிடத்துக்கு நகர்த்திவிடுங்கள்.

டம்ப் எழுதிக்கொண்டிருக்கும்போது ஜேவிஎம் முழுவதும் உறைந்து நிற்கும். பெரிய ஹீப் என்றால் அது நிமிடக் கணக்கில் போகும். அந்நேரம் யாராவது பொறுமையிழந்து சர்வீஸை நிறுத்தினால், சிஸ்டம்டி இயல்பாக 90 வினாடி காத்திருந்துவிட்டுக் கொன்றுவிடும். கையில் மிஞ்சுவது அரைகுறை கோப்பு. டைம்அவுட்ஸ்டாப்செக் மதிப்பை 300 ஆக்குவது நல்லது. பிழைக்குப் பின் சர்வர் அரை உயிரோடு இழுத்துக்கொண்டிருக்கக் கூடாது என்றால் எக்ஸிட்ஆன்அவுட்ஆஃப்மெமரிஎரர் சேர்க்கலாம். ஜாவா 8-ன் 92-ஆம் அப்டேட் முதல் இருக்கிறது. முதலில் டம்ப் எழுதி, பிறகு வெளியேறும் எண் 3 உடன் நின்றுவிடும். ரீஸ்டார்ட்=ஆன்-ஃபெயிலியர் இருந்தால் சிஸ்டம்டி மீண்டும் கிளப்பிவிடும்.

டாம்கேட்டைக் கேட்டலினா ஸ்கிரிப்ட் வழியாக ஓட்டுபவர்கள் இந்த விருப்பங்களை ஜாவா_ஆப்ட்ஸில் போடாமல் கேட்டலினா_ஆப்ட்ஸில் போட வேண்டும். முன்னதை நிறுத்தும் கட்டளையும் எடுத்துக்கொள்ளும். அதாவது சர்வரை நிறுத்த ஓடும் குட்டி ஜாவாவும் 4 ஜிபி ஹீப் கேட்டு நிற்கும். நினைவகம் வற்றிய கணினியில் 'ஸ்டாப்' தோற்கும் மர்மத்துக்கு இது ஒரு காரணம்.

பிழை வருமுன் கையால் எடுக்க, ஜேடிகேயில் (ஜாவா உருவாக்கக் கருவித்தொகுப்பு) ஜேசிஎம்டி என்ற கட்டளை இருக்கிறது. சர்வீஸ் எந்தப் பயனரில் ஓடுகிறதோ அதே பயனராக ஓட்ட வேண்டும். கோப்பை எழுதுவது ஜேசிஎம்டி அல்ல, சர்வரின் ஜேவிஎம் என்பதால் பாதையும் அனுமதியும் சர்வர் பக்கத்துக் கணக்குதான். முழுப் பாதையாகக் கொடுங்கள். பழைய ஜாவா 8-ல் ப்ரைவேட்டெம்ப் இருந்தால் ஜேசிஎம்டிக்கு அந்த ப்ராசஸ் கண்ணிலேயே படாது. என்எஸ்என்டர் கட்டளை மூலம் அதன் மவுன்ட் நேம்ஸ்பேஸுக்குள் (அந்த சர்வீஸுக்குத் தெரியும் கோப்பு அமைப்பு) புகுந்து ஓட்டினால் படும். ஜாவா 15 முதல் சுருக்கிய டம்ப் எடுக்கலாம், மேட் அதை விரிக்காமலே திறக்கும்.

விண்டோஸில் கதை வேறு. டாம்கேட் சர்வீஸ், ப்ரோக்ரன் என்ற உறை வழியாக ஓடுகிறது. விருப்பங்களை எழுதிவைக்கும் செட்என்வ் கோப்பை அது தொடாது, விருப்பங்கள் ரெஜிஸ்ட்ரியில் இருக்கின்றன. டாம்கேட்9டபிள்யூ சாளரத்தில் ஜாவா தாவலைத் திறந்து, ஒரு வரிக்கு ஒரு விருப்பமாக எழுத வேண்டும். 'மேக்சிமம் மெமரி பூல்' பெட்டியில் வெறும் எண், எம்பி கணக்கில். அதையே விருப்பங்களிலும் எழுதிக் குழப்பியிருந்தால், எது வென்றது என்பதை ஜேசிஎம்டியின் விஎம்.ஃப்ளாக்ஸ் சொல்லும். சாதாரண அட்மின் கணக்கிலிருந்து ஜேமேப் (டம்ப் எடுக்கும் இன்னொரு கட்டளை) ஓட்டினால் 'நாட் எனஃப் ஸ்டோரேஜ்' என்று ஒரு செய்தி வரலாம். டிஸ்க்கைச் சுத்தம் செய்யப் போய்விடாதீர்கள். சர்வீஸ் வேறு கணக்கில், வேறு செஷனில் ஓடுவதால் வரும் தடை அது. பிஎஸ்எக்ஸெக் கருவியை '-எஸ்' உடன் ஓட்டி, சிஸ்டம் கணக்கிலிருந்து முயன்றால் வழி திறக்கும். டாஸ்க் மேனேஜரில் ஜாவா என்று தேடினாலும் கிடைக்காது. ப்ராசஸின் பெயர் டாம்கேட்9 என்றே இருக்கும்.

மேட்டைத் திறந்த பிறகு

முதல் ஏமாற்றம் பெரும்பாலும் மேட்டே ஹீப் போதாமல் விழுவது. அதன் ஐஎன்ஐ கோப்பில் எக்ஸ்எம்எக்ஸ் 1024 எம்பி என்றே வருகிறது. டம்ப் அளவில் பாதியைக் கொடுத்துத் தொடங்குங்கள், சிறு பொருள்கள் கோடிக்கணக்கில் இருந்தால் இன்னும் கூட வேண்டும். மடிக்கணினி தாங்காதென்றால், நினைவகம் அதிகமுள்ள வேறொரு லினக்ஸ் கணினியில் பார்ஸ்ஹீப்டம்ப் ஸ்கிரிப்டைத் திரையில்லாமல் ஓட்டலாம். 'சஸ்பெக்ட்ஸ்' அறிக்கையையும் சேர்த்துக் கேட்டால் எச்டிஎம்எல் பக்கங்களாக ஒரு ஜிப் கிடைக்கும். பக்கத்தில் உருவாகும் இன்டெக்ஸ் கோப்புகளையும் டம்போடு நகலெடுத்துக்கொண்டால், அடுத்த முறை மடிக்கணினியிலேயே குறைந்த நினைவகத்தில் திறக்கும். கடினமான வேலை முழுதும் அந்த இன்டெக்ஸ் கட்டும்போதே முடிந்துவிடுகிறது. தயவுசெய்து இதை ப்ரொடக்ஷன் சர்வரிலேயே ஓட்டாதீர்கள்.

திறந்ததும் 'கோப்பு 6 ஜிபி, மேட் 2 ஜிபிதான் காட்டுகிறது' என்ற சந்தேகம் எழலாம். ஜிசி ரூட் எனப்படும் வேரிலிருந்து (ஓடும் த்ரெட் போன்ற தொடக்கப் புள்ளி) எட்ட முடியாத பொருள்களை மேட் இயல்பாகவே கழித்துவிடும். லீக் தேடும்போது அதுதான் சரி. குப்பை ஏன் இவ்வளவு வேகமாக உருவாகிறது என்று ஆராய வேண்டுமானால், 'கீப் அன்ரீச்சபிள் ஆப்ஜெக்ட்ஸ்' அமைப்பை இயக்கி மறுபடி படிக்க வைக்க வேண்டும்.

மேட்டின் உயிர் டாமினேட்டர் ட்ரீ. ஒரு பொருள் தானாக எடுக்கும் இடம் ஷாலோ ஹீப். அது போனால் கூடவே எவ்வளவு விடுபடும் என்பது ரீடெயின்டு ஹீப். ஒரு தூணை எடுத்தால் எவ்வளவு கூரை விழும் என்ற கணக்கு. இரண்டு தூண்கள் தாங்கும் கூரை எந்தத் தூணின் கணக்கிலும் வராது. அதனால்தான் இரண்டு இடங்களிலிருந்து பிடிக்கப்பட்ட பெரிய கேஷ், அதைப் பிடித்திருப்பவர்களின் கீழ் தெரியாமல் தனியாக மேலே மிதக்கும். அங்கே வலப்பக்கச் சொடுக்கில் 'பாத் டு ஜிசி ரூட்ஸ்' எடுத்து, வீக், சாஃப்ட் உள்ளிட்ட பலவீனமான சுட்டுகளை விலக்கிப் பார்த்தால் உண்மையான பிடி யாருடையது என்று தெரியும்.

லீக் சஸ்பெக்ட்ஸ் அறிக்கையைப் பலர் ஜோசியம் போல நினைக்கிறார்கள். அது அவ்வளவு மோசமில்லை. இரண்டு வகை வாக்கியங்களை அதில் பிரித்துப் படிக்கப் பழகிக்கொண்டால் போதும். ஏதோ ஒரு 'எச்டிடிபி-என்ஐஓ-8080-எக்ஸெக்-7' த்ரெட் தன் லோக்கல் மாறிகளில் இத்தனை நினைவகம் வைத்திருக்கிறது என்று சொன்னால், பெரும்பாலும் அது லீக்கே அல்ல. ஒரே கோரிக்கை ஹீப்பை விழுங்கியிருக்கிறது. அந்த த்ரெட்டின் ஸ்டாக்கைப் பாருங்கள், பெரும்பாலும் ஜேடிபிசி (ஜாவாவின் டேட்டாபேஸ் இணைப்பு) வரிகள் இருக்கும். மைஎஸ்கியூஎல் டிரைவர் இயல்பாகவே எல்லா வரிசைகளையும் நினைவகத்தில் ஏற்றிவிடும். போஸ்ட்கிரெஸ் டிரைவரும் ஆட்டோகமிட்டை அணைத்து ஃபெட்ச் அளவு கொடுக்காவிட்டால் அப்படியே. 'எல்லாவற்றையும் எக்செலாக இறக்கு' பொத்தான் இருக்கும் எந்த நிறுவன மென்பொருளிலும் இது காத்திருக்கிறது.

மாறாக, ஒரு ஸ்டாட்டிக் புலத்திலிருந்து தொங்கும் ஹேஷ்மேப்போ கன்கரன்ட்ஹேஷ்மேப்போ பாதி ஹீப்பைப் பிடித்திருக்கிறது என்று சொன்னால் அது லீக். அதிலும் ஸ்டாண்டர்ட்செஷன் (டாம்கேட்டின் பயனர் செஷன்) பொருள்கள் ஆயிரக்கணக்கில் குவிந்திருந்தால் நிரலைக் குறைசொல்லுமுன் செஷன் காலத்தைப் பாருங்கள். டாம்கேட்டின் இயல்பு 30 நிமிடம். ஹெல்த் செக் ஒவ்வொன்றும் குக்கி இல்லாமல் வந்து புதிய செஷன் திறந்துகொண்டிருக்கலாம். ஹைபர்னேட் என்ற டேட்டாபேஸ் லைப்ரரியின் குவெரி ப்ளான் கேஷ் மேலே வந்தால், 'இன்' பட்டியலில் ஒவ்வொரு முறையும் வேறு எண்ணிக்கையில் மதிப்புகள் போகின்றன என்று பொருள். அந்தக் கேஷின் இயல்பு வரம்பு 2048 ப்ளான்கள். சிக்கலான குவெரிகளில் ஒவ்வொன்றும் கொழுத்திருக்கும். அளவுருக்களை இரண்டின் அடுக்குகளுக்கு நிரப்பும் 'இன் க்ளாஸ் பேராமீட்டர் பேடிங்' அமைப்பு இதைப் பெருமளவு தணிக்கும்.

மெட்டாஸ்பேஸ் லீக்குக்கு 'டூப்ளிகேட் கிளாசஸ்' வினவலை ஓட்டுங்கள். ஒரே வெப்ஆப்புக்கு ஒன்றுக்கு மேற்பட்ட பேரலல்வெப்ஆப்கிளாஸ்லோடர் உயிரோடு இருந்தால், பழைய டெப்ளாய்மென்ட் போகவில்லை. அதன் ஜிசி ரூட் பாதையில் த்ரெட்லோக்கல், நிறுத்தாத டைமர் த்ரெட், டிரைவர்மேனேஜரில் பதிவு நீக்காத ஜேடிபிசி டிரைவர் மூன்றில் ஒன்று பெரும்பாலும் இருக்கும்.

குறைகள்

முகம் பழைய எக்லிப்ஸ். மெனுக்கள் அடுக்கடுக்காக, பெயர்கள் புதியவருக்குப் புரியாதபடி. ஒரு டம்ப் ஒரு கணத்தின் படம் மட்டுமே. எந்த வரி இந்தப் பொருளை உருவாக்கியது என்று மேட் சொல்லாது. இரண்டு டம்ப்களை ஒப்பிடும் வசதி உண்டு, ஆனால் ஜிசி பொருள்களை இடம் மாற்றுவதால் முகவரி வைத்து ஒரே பொருளைத் தொடர முடியாது. கிளாஸ்வாரி எண்ணிக்கை ஒப்பீடுதான் உருப்படி. ஹீப்புக்கு வெளியே உள்ள எதுவும் தெரியாது.

இந்த ஓட்டைகளை அடைக்க ஜேடிகேயில் இருப்பவையே போதும். ஜேசிஎம்டியின் ஜிசி.கிளாஸ்_ஹிஸ்டோகிராம் அரை மணிக்கு ஒருமுறை எடுத்துவைத்தால், எது வளர்கிறது என்று டம்ப் இல்லாமலே தெரிந்துவிடும். அதுவும் இயல்பாக ஒரு முழு ஜிசியைத் தூண்டும் என்பதை நினைவில் வையுங்கள். பொருள் எங்கே பிறந்தது என்பதற்கு, ஜேவிஎம் நிகழ்வுகளைப் பதிவு செய்யும் ஃப்ளைட் ரெக்கார்டர். ஜாவா 11 முதல் திறந்த மூலம், ஜாவா 8-க்கும் 262-ஆம் அப்டேட்டில் வந்தது. அதன் 'ஓல்ட் ஆப்ஜெக்ட் சாம்பிள்' நிகழ்வு மேட் விட்ட இடத்தில் தொடங்குகிறது. ஹீப் சரியாக இருந்தும் ஆர்எஸ்எஸ் (ப்ராசஸ் உண்மையில் பிடித்திருக்கும் ரேம்) ஏறிக்கொண்டே போனால் நேட்டிவ் மெமரி ட்ராக்கிங். சர்வீஸ் தொடங்கும்போதே 'சம்மரி' என்று இயக்கியிருக்க வேண்டும், 5 முதல் 10 சதவீதம் வேகத்தை எடுக்கும். அதிலும் கணக்கு உதைத்தால் ஜிலிப்சியின் (லினக்ஸின் சி லைப்ரரி) மல்லாக் அரீனாக்களை, அதாவது அது நினைவகம் ஒதுக்கும் தொகுதிகளைச் சந்தேகித்து, மல்லாக்_அரீனா_மேக்ஸ் மதிப்பை 2 ஆக்கிப் பாருங்கள். விஷுவல்விஎம் பார்க்க அழகு, சின்ன டம்ப்களுக்குப் போதும். 10 ஜிபிக்கு மேல் மேட்டோடு போட்டி போட அதால் முடியவில்லை.

அறுந்துபோன டம்ப் கோப்பைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். மேட்டின் அமைப்புகளில் எச்ப்ராஃப் (டம்ப் கோப்பின் வடிவம்) பார்சரின் கண்டிப்பைத் தளர்த்தும் தேர்வு இருக்கிறது. அதில் திறந்தால் ஏதாவது தெரியலாம், ஆனால் அந்த எண்களை வைத்து முடிவெடுக்க வேண்டாம். இன்னொரு டம்புக்குக் காத்திருங்கள்.

விற்பனையாளருக்கோ வெளி நிபுணருக்கோ டம்பை அனுப்புமுன்: டேட்டாபேஸ் கடவுச்சொல், செஷன் டோக்கன், வாடிக்கையாளர் பெயர், எண் எல்லாம் அதில் வெறும் எழுத்தாகக் கிடக்கின்றன. மேட்டில் ஸ்ட்ரிங் கிளாஸைத் திறந்து தேடினாலே வெளிவந்துவிடும். உள்ளடக்கத்தை மறைத்து மறுபடி எச்ப்ராஃபாக ஏற்றுமதி செய்யும் வசதி மேட்டிலேயே உண்டு. பல நேரங்களில் அதுகூடத் தேவைப்படாது, சஸ்பெக்ட்ஸ் அறிக்கையின் ஜிப் மட்டும் போதும். அதையும் ஒருமுறை திறந்து படித்துவிட்டு அனுப்புங்கள், சில பக்கங்களில் பொருள்களின் மதிப்புகள் அப்படியே அச்சாகியிருக்கும்.